புல் மாறியது, ஊர் தோற்றது

பஞ்சாபின் ஜலந்தர் கண்டோன்மெண்ட்டை ஒட்டியிருக்கிறது சன்சார்பூர். வெளியிலிருந்து பார்த்தால் சாதாரண கிராமம்தான். ஆனால் இந்த ஒரே ஊர் 14 ஒலிம்பிக் ஹாக்கி வீரர்களைத் தந்திருக்கிறது. பெரும்பாலோர் குலார் என்ற ஒரே வம்சப் பெயர் கொண்டவர்கள்.

விதை போட்டது ராணுவம். கண்டோன்மெண்ட் மைதானத்தில் சிப்பாய்கள் ஆடுவதை வேடிக்கை பார்த்த கிராமத்துப் பையன்கள், பிறகு தாங்களே மட்டையைத் தூக்கினார்கள். 1932ல் லாஸ் ஏஞ்சல்ஸில் தங்கம் வென்ற இந்திய அணியில் இருந்த குர்மித் சிங், ஊரின் முதல் ஒலிம்பிக் வீரர். அடுத்து வந்த உதம் சிங் 1952, 1956, 1964ல் தங்கமும் 1960ல் வெள்ளியும் வென்று திரும்பினார்.

உச்சம் 1968 மெக்ஸிகோ. இந்திய அணியில் ஐந்து பேர் சன்சார்பூர்க்காரர்கள். அங்கிருந்து ஆப்பிரிக்கா போன குடும்பங்களைச் சேர்ந்த இருவர் கென்யாவுக்கு ஆடினார்கள். அந்த இந்திய அணியில் மூன்று பல்பீர் சிங்குகள். அவர்களில் இருவர் இந்த ஊர். ஒருவர் போலீஸ், ஒருவர் ராணுவம் என்று சொல்லித்தான் அடையாளம் காட்ட வேண்டியிருந்தது. 1975ல் கோலாலம்பூரில் பாகிஸ்தானை 2-1 என்று வென்று உலகக் கோப்பையைத் தூக்கிய கேப்டன் அஜித்பால் சிங்கும் இந்த மண்தான்.

மண் என்பதே பிரச்னையானது. 1976 மான்ட்ரீல் ஒலிம்பிக்கில் முதன்முறையாகச் செயற்கைப் புல்தரை வந்தது. அஜித்பால் தலைமையிலான இந்தியாவுக்கு ஏழாவது இடம். பந்தை மட்டையோடு ஒட்டவைத்து வளைந்து நெளிந்து கொண்டுபோகும் கிராமத்து ஆட்டத்தைவிட, புதிய தரையில் வேகத்துக்கும் உடல்வலுவுக்கும் மதிப்பு அதிகம். அந்தத் தரை போட ஆகும் செலவோ ஒரு கிராமத்துக்கு எட்டாதது.

இன்னொரு பக்கம், தோவாபா பகுதி முழுவதையும் ஆட்டிவைக்கும் வெளிநாட்டு மோகம். கனடாவுக்கும் இங்கிலாந்துக்கும் போகும் வழி கண்ணுக்குத் தெரியும்போது, மைதானத்தில் பத்து வருடம் செலவிடும் பொறுமை குறைந்தது.

ஜலந்தர் ஹாக்கியை மறந்துவிடவில்லை. 2021ல் டோக்கியோவில் 41 ஆண்டுகளுக்குப் பிறகு இந்தியாவுக்கு ஒலிம்பிக் ஹாக்கிப் பதக்கம் கிடைத்தபோது கேப்டனாக இருந்த மன்பிரீத் சிங், பக்கத்திலுள்ள மித்தாபூர்க்காரர். மட்டை கைமாறிவிட்டது. திறமை வற்றிப் போகவில்லை. அது ஓடி விளையாடும் தரைதான் இடம் மாறியிருக்கிறது.