மூக்கில் சதையா? சங்கா? முதலில் சரிபாருங்கள்!

“டாக்டர், பையனுக்கு மூக்குல சதை வளர்ந்திருக்கு. ஆபரேஷன் இல்லாம மருந்துலயே கரைச்சுட முடியுமா?”

கடலூரிலோ சிதம்பரத்திலோ, எந்தக் காது-மூக்கு-தொண்டை டாக்டரின் அறை வாசலில் வேண்டுமானாலும் ஒரு காலை நேரம் உட்கார்ந்து பாருங்கள். இந்தக் கேள்வி இரண்டு மூன்று தடவையாவது காதில் விழும். கேட்பவர் பெரும்பாலும் அம்மாதான். ராத்திரி பையன் வாயைப் பிளந்துகொண்டு தூங்கியிருப்பான். பதறிப்போய் டார்ச் அடித்து மூக்குக்குள் பார்த்திருப்பார். உள்ளே சிவப்பாக, ஈரமாக, மொழுக்கென்று ஒரு சதை! அதுவும் இரண்டு பக்கமும்! அப்புறம் அம்மாவுக்கு எங்கே தூக்கம்?

இப்போது அதே டார்ச்சால் வீட்டில் உள்ள மற்றவர்கள் மூக்கையும் பாருங்கள். அப்பாவுக்கும் அந்தச் சதை இருக்கும், பாட்டிக்கும் இருக்கும். ஏனென்றால் அது வளர்ந்த சதை அல்ல, பிறக்கும்போதே எல்லோருக்கும் உள்ள உறுப்பு. மருத்துவத்தில் அதன் பெயர் ‘டர்பினேட்’. இன்னொரு பெயர் ‘காங்க்கா’. இந்த ஒரு வார்த்தையைத் தெரிந்து வைத்துக்கொண்டால் வீண் பயமும் மிச்சம், சில சமயம் வீண் ஆபரேஷனும் மிச்சம்.

சங்கும் பம்பரமும்

‘காங்க்கா’ என்றால் லத்தீனில் சிப்பி, சங்கு. ‘டர்பினேட்’ என்பது பம்பரத்தைக் குறிக்கும் லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. தமிழ் மருத்துவப் புத்தகங்களில் ‘நாசிச் சங்கு’ என்று எழுதுவார்கள். பொருத்தமான பெயர். தேவனாம்பட்டினம் கடற்கரையில் ஒரு உடைந்த சங்கைப் பொறுக்கி எடுத்துப் பாருங்கள். உள்ளே மெல்லிய தகடு சுருண்டு சுருண்டு போகும். மூக்கின் பக்கச் சுவரிலும் மெல்லிய எலும்புத் தகடுகள் இப்படித்தான் உள்பக்கமாகச் சுருண்டு தொங்குகின்றன. ஒரு பக்கத்துக்கு மூன்று: மேல் சங்கு, நடுச் சங்கு, கீழ்ச் சங்கு. ஆக மொத்தம் ஆறு. டார்ச் வெளிச்சத்தில் நம் கண்ணில் படுவது பெரும்பாலும் கீழ்ச் சங்கின் முன்நுனி.

எலும்பின் மேல் ஈரமான சவ்வு போர்த்தியிருக்கிறது. அதற்கடியில் ரத்தம் நிரம்பக்கூடிய பஞ்சு போன்ற திசு. ரத்தம் நிரம்பினால் உப்பும், வடிந்தால் சுருங்கும். ஜலதோஷத்தில் மூக்கு ‘கம்’மென்று அடைத்துக்கொள்கிறதே, அதற்குச் சளி மட்டும் காரணமல்ல. இந்தச் சங்கு உப்பிக்கொள்வதும் காரணம். அதனால்தான் எவ்வளவு சிந்தினாலும் அடைப்பு விடுவதில்லை.

பொன்னோடு சொல்லும் கணக்கு

சிதம்பரம் நடராஜர் கோயிலின் பொற்கூரையில் 21,600 ஓடுகள் என்று சொல்வார்கள். மனிதன் ஒரு நாளைக்கு விடும் மூச்சின் எண்ணிக்கை அது என்பது ஐதீகம். கணக்குப் போட்டுப் பாருங்கள், நிமிடத்துக்கு 15 மூச்சு வருகிறது. ஓய்வாக இருக்கும் பெரியவர்களுக்கு இன்றைய மருத்துவம் சொல்லும் அளவும் கிட்டத்தட்ட இதேதான்!

ஒரு மூச்சுக்கு அரை லிட்டர் காற்று என்று வைத்தால், ஒரு நாளைக்கு 10,000 லிட்டருக்கு மேல். அத்தனை காற்றையும் நுரையீரலுக்கு ஏற்றபடி பக்குவம் செய்து அனுப்பும் வேலையில் பெரும்பங்கு இந்தச் சங்குகளுடையது. மார்கழி விடியலில் ஆருத்ரா தரிசனத்துக்காகப் பனியில் நிற்கிறீர்கள். 20 டிகிரியில் உள்ளே நுழையும் காற்று, மூக்கின் பின்கோடிக்குப் போவதற்குள் 30 டிகிரியைத் தாண்டிவிடுகிறது. ஈரமும் ஏறிவிடுகிறது. தூசி சவ்வில் ஒட்டிக்கொள்கிறது. தகடு சுருண்டிருப்பதால் காற்று படும் பரப்பு அதிகம். அதனால்தான் இவ்வளவு சின்ன இடத்தில் இவ்வளவு வேலை நடக்கிறது.

மூக்குக்கும் ஷிஃப்ட் உண்டு

“ஒரு பக்க மூக்கு எப்பவும் அடைச்சே இருக்கு டாக்டர். ஆனா காலையில வலது பக்கம், மத்தியானம் இடது பக்கம்!” என்று சிலர் ஆச்சரியப்படுவார்கள். இது நோயல்ல. ஒரு பக்கச் சங்கு உப்பி ஓய்வெடுக்கும்போது மறுபக்கச் சங்கு சுருங்கி வழிவிடும். சில மணி நேரம் கழித்து இடம் மாறும். பலருக்கு இது நடப்பதே தெரியாது. ஜெர்மன் டாக்டர் ரிச்சர்ட் கைசர் 1895-ல் இதை விவரித்தார். இடகலை, பிங்கலை என்று மூச்சு மாறி ஓடுவதை நம் சித்தர் மரபு அதற்கு வெகு காலம் முன்பே கவனித்திருக்கிறது.

ஒருக்களித்துப் படுத்தால் கீழே இருக்கும் பக்கம் அடைப்பதும், வேகமாக நடந்தால் இரண்டு பக்கமும் திறந்துகொள்வதும் சங்கு செய்யும் வேலைதான்.

ஒரே ‘சதை’, நான்கு சங்கதி

சிக்கல் எங்கே வருகிறது? நாம் எல்லாவற்றையும் ‘சதை’ என்ற ஒரே சொல்லால் சொல்லிவிடுகிறோம். அந்தச் சொல்லுக்குள் குறைந்தது நான்கு விஷயங்கள் ஒளிந்திருக்கின்றன.

1. வீங்கிய சங்கு: இதுதான் மிக அதிகம். இயற்கையான உறுப்பு அலர்ஜியாலோ ஜலதோஷத்தாலோ பெருத்திருக்கும். தொட்டால் உணர்ச்சி உண்டு. அடைப்பு நீக்கும் சொட்டு மருந்து விட்டால் பெரும்பாலும் சுருங்கும்.

2. பாலிப்: இது நிஜமாகவே புதிதாக முளைப்பது. தோலுரித்த திராட்சைபோல் வெளுத்துத் தொங்கும். தொட்டால் வலிக்காது, சொட்டு மருந்துக்குச் சுருங்காது. பெரும்பாலும் இரண்டு பக்கமும் வரும். வாசனை தெரியாமல் போகும். பாலிப்போடு ஆஸ்துமாவும் இருக்கிறவர்களில் சிலருக்கு ஆஸ்பிரின், புரூஃபென் போன்ற வலி மாத்திரைகள் கடுமையான மூச்சுத்திணறலைத் தரும். டாக்டரிடம் கேட்காமல் போடவே கூடாது.

3. அடினாய்டு: குழந்தைகள் சமாசாரம். மூக்கின் பின்கோடியில், அண்ணத்துக்கு மேலே இருப்பது. முன்னால் டார்ச் அடித்தால் தெரியவே தெரியாது! வாய்வழி மூச்சு, குறட்டை, அடிக்கடி காதுவலி, கூப்பிட்டால் காதில் வாங்காதது... இவை அடையாளம். 3 முதல் 7 வயதுக்குள் பெரிதாக இருந்து, பிறகு தானாகவே சிறுக்கத் தொடங்கும்.

4. ரைனோஸ்போரிடியோசிஸ்: பெயர்தான் வாயில் நுழையாது, தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் அதிகம் காணப்படும் நோய். குளம், குட்டைகளில் குளிப்பவர்களுக்கு ஒரு நுண்ணுயிரால் வருகிறது. தமிழ்நாட்டில் ராமநாதபுரம், சிவகங்கை பக்கம் டாக்டர்களுக்கு நன்கு பழக்கமானது. ஸ்ட்ராபெரிப் பழம்போல் சிவந்து, மேலே வெள்ளைப் புள்ளிகளோடு இருக்கும். தொட்டாலே ரத்தம் கொட்டும். ஆபரேஷன் செய்து அடிப்பாகத்தைச் சுட்டுவிட வேண்டும்.

நான்குக்கும் வைத்தியம் வேறு வேறு. “பார்த்தா தெரியாதா?” என்று வீட்டிலேயே முடிவு கட்ட வேண்டாம். அலர்ஜிக்காரர்களுக்குச் சங்கும் வெளுத்து, நீலம் பாய்ந்து பாலிப் மாதிரியே காட்டும். எண்டோஸ்கோப் என்ற மெல்லிய குழாய் விட்டுப் பார்த்தால் சில நிமிடங்களில் தெரிந்துவிடும். அண்ணாமலைநகரில் ராஜா முத்தையா மருத்துவக் கல்லூரியாக 1985-ல் தொடங்கி, இப்போது அரசு மருத்துவக் கல்லூரியாக இருக்கும் மருத்துவமனையிலும் இதற்கான தனிப் பிரிவு உண்டு.

ரிப்போர்ட்டைப் பார்த்து மிரளாதீர்கள்

ஸ்கேன் ரிப்போர்ட்டில் ‘டர்பினேட் ஹைபர்ட்ரோபி’ என்று இருந்தால், சங்கு பெருத்திருக்கிறது என்று அர்த்தம். கட்டி என்று அர்த்தமல்ல.

‘காங்க்கா புல்லோசா’ என்றால் நடுச் சங்குக்குள் காற்றறை இருக்கிறது. ஆரோக்கியமான பலருக்கும் இருப்பதுதான். தொந்தரவு இல்லாவிட்டால் விட்டுவிடலாம்.

‘டி.என்.எஸ்.’ என்றால் மூக்கின் நடுச் சுவர் வளைந்திருக்கிறது. சுவர் இடது பக்கம் வளைந்தால், வலது பக்கத்தில் இடம் அதிகமாகிவிடும். அந்தக் காலி இடத்தை நிரப்ப வலது சங்கு பெருக்கும். இரண்டும் ஒரே ரிப்போர்ட்டில் வந்தால், “ரெண்டு வியாதியா!” என்று கலங்காதீர்கள்.

ஏன் வீங்குகிறது? என்ன செய்வது?

மழைக்காலத்தில் ஊறிய சுவரின் பூஞ்சை, தலையணை, மெத்தையில் வாழும் தூசிப்பூச்சி, கொசுவர்த்திப் புகை, சாம்பிராணி, சிகரெட், தொழிற்சாலை நெடி எல்லாம் சங்கை உசுப்பிவிடும். கர்ப்பிணிகளுக்கு ஹார்மோன் மாற்றத்தால் வீங்கலாம். பிரசவத்துக்குப் பின் சரியாகிவிடும்.

• தலையணை உறை, போர்வையை வாரம் ஒருமுறை வெந்நீரில் அலசி வெயிலில் காயப்போடுங்கள்.

• உப்புநீரால் மூக்கைக் கழுவலாம். கொதிக்கவைத்து ஆறிய அரை லிட்டர் தண்ணீருக்கு முக்கால் டீஸ்பூன் உப்பு. குழாய்த் தண்ணீர், கிணற்றுத் தண்ணீரை அப்படியே விடக்கூடாது.

• டாக்டர் ஸ்டீராய்டு ஸ்ப்ரே எழுதினால் பெயரைக் கேட்டுப் பயப்படாதீர்கள். மூக்கில் மட்டும் வேலை செய்யும் சிறிய அளவுதான். ஆனால் “ரெண்டு நாள் அடிச்சேன், ஒண்ணும் தெரியல” என்று நிறுத்தினால் பலன் இல்லை. தினமும் தொடர வேண்டும். வலது கையால் இடது மூக்கு, இடது கையால் வலது மூக்கு என்று அடியுங்கள். மருந்து நடுச் சுவரில் படாமல் சங்கின் மேல் படும்.

• தைலம் தடவினால் மூக்கு திறந்த மாதிரி ஜில்லென்று இருக்கும். உண்மையில் வழி அகலமாவதில்லை. அந்தக் குளிர்ச்சி உணர்வு அப்படித் தோன்றவைக்கிறது. சின்னக் குழந்தைகளின் மூக்கில் கற்பூரம், தைலம் போடவே வேண்டாம். கற்பூரம் வலிப்பை வரவழைக்கும்.

சொட்டு மருந்து, ஜாக்கிரதை!

மருந்துக் கடையில் கேட்டதும் கிடைக்கும் ஆக்ஸிமெட்டாசோலின், சைலோமெட்டாசோலின் சொட்டுகள் ஐந்தே நிமிடத்தில் மூக்கைத் திறந்துவிடும். அதுதான் ஆபத்து! ஐந்து நாளைத் தாண்டினால், மருந்தின் வேகம் குறைந்ததும் சங்கு முன்பைவிட அதிகமாக வீங்கும். உடனே இன்னும் இரண்டு சொட்டு... அப்புறம் இன்னும் இரண்டு... தலையணைக்கடியில் பாட்டில் இல்லாவிட்டால் தூக்கமே வராது என்ற நிலைக்கு வந்துவிடுவார்கள். வருஷக்கணக்கில் போட்டவர்களும் உண்டு. இதிலிருந்து மீளலாம்; டாக்டர் துணையோடு நிறுத்த வேண்டும்.

‘சதையைக் கரைக்கிறேன்’ என்று மூக்குக்குள் காரமான திரவம் தடவுகிறவர்களிடம் போகவே போகாதீர்கள். கரைவது உங்கள் சங்காக இருக்கும்!

வெட்டியே எறிந்துவிட்டால்?

மருந்துக்கு மசியாத வீக்கத்துக்கு ஆபரேஷன் உண்டு. ஆனால் சங்கைச் சிறிதாக்கலாம். முழுசாக எடுத்துவிடுவது நல்லதல்ல. அமெரிக்காவில் மேயோ கிளினிக்கைச் சேர்ந்த டாக்டர் யூஜீன் கெர்ன், 1994 வாக்கில் ஒரு விசித்திரமான நிலைக்கு ‘காலி மூக்கு’ என்று பெயர் வைத்தார். சங்குகளை அதிகமாக வெட்டியெடுத்த சிலருக்கு மூக்குவழி நன்றாக அகலமாக இருக்கும். ஆனாலும் “மூச்சே போகல டாக்டர், அடைச்ச மாதிரியே இருக்கு” என்பார்கள். மூக்கு வறண்டு, பொருக்குத் தட்டி, தூக்கம் கெட்டு அவதிப்படுவார்கள். காற்று உள்ளே போவதை உணரச் செய்யும் நரம்பு நுனிகள் சங்கின் சவ்வில் இருக்கின்றனவே!

எல்லோருக்கும் இப்படி ஆவதில்லை. இருந்தாலும் இன்று பல டாக்டர்கள் சவ்வைக் காப்பாற்றி, உள்ளிருக்கும் திசுவை மட்டும் குறைக்கும் முறைகளையே விரும்புகிறார்கள்.

காத்திருக்கக் கூடாதவை

• ஒரு பக்கம் மட்டும் விடாத அடைப்பு, அல்லது ஒரு பக்கம் மட்டும் அடிக்கடி ரத்தம்.

• குழந்தைக்கு ஒரு பக்க மூக்கில் நாற்றத்தோடு சளி. உள்ளே பட்டாணியோ பஞ்சோ இருக்கலாம். பட்டன் பேட்டரி என்று சந்தேகம் வந்தால், மணிக்கணக்கு கூடத் தள்ளாமல் ஓடுங்கள்.

• தூக்கத்தில் குழந்தைக்கு மூச்சு நின்று நின்று வருவது.

• வாசனை தெரியாமல் போவது, கண்ணோரம் வீக்கம், பார்வை மங்கல்.

அந்த அம்மாவுக்கு வருவோம். அடுத்த தடவை டாக்டரிடம், “சதையைக் கரைக்க முடியுமா?” என்று கேட்காதீர்கள். இப்படிக் கேளுங்கள்: “டாக்டர், இது டர்பினேட் வீக்கமா, பாலிப்பா, அடினாய்டா?” ஆபரேஷன் என்றால் இன்னொரு கேள்வியும் சேர்த்துக்கொள்ளுங்கள்: “சங்கைக் குறைக்கப் போறீங்களா, முழுசா எடுக்கப் போறீங்களா?”

பிள்ளையின் மூக்கு விஷயம். கேட்பதில் கூச்சம் வேண்டாம். நல்ல டாக்டர் உட்காரவைத்து விளக்கம் சொல்வார்.