பிரமிடும் குளியலும் ஒரே டிக்கெட்டில்

காலை ஏழு மணிக்கெல்லாம் கான்கூன் ஹோட்டல் வாசல்களில் டூர் வேன்கள் வந்து நின்றுவிடுகின்றன. மெக்சிகோவின் கரீபியன் கரையில், 1970-களில் அரசாங்கமே திட்டம் போட்டு எழுப்பிய உல்லாச நகரம் அது. அங்கிருந்து யுகாத்தான் தீபகற்பத்தின் உள்ளே ஏறக்குறைய 200 கிலோமீட்டர் போனால் சிச்சேன் இட்சா. காலையில் மாயன் பிரமிடு, மதியம் பஃபே சாப்பாடு, அது செரிக்கும் முன்பே ‘செனோத்தே’ எனப்படும் இயற்கைக் கிணற்றில் குளியல், சாயங்காலம் வயாதொலித் என்கிற ஸ்பானியர் காலத்து ஊரில் அரைமணி நடை, இருட்டிய பிறகு மறுபடி ஹோட்டல். எந்த ஏஜென்ஸியிடம் பணம் கட்டினாலும் இந்த அட்டவணை பெரிதாக மாறுவதில்லை.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. கான்கூன் இருக்கும் கின்தானா ரோ மாநிலத்துக்கும் சிச்சேன் இட்சா இருக்கும் யுகாத்தான் மாநிலத்துக்கும் ஒரு மணி நேரம் வித்தியாசம். சுற்றுலா வருகிறவர்களுக்கு மாலை வெளிச்சம் கூடுதலாகக் கிடைக்கட்டும் என்று 2015-இல் கின்தானா ரோ தன் கடிகாரத்தை முன்னால் தள்ளி வைத்துக்கொண்டது. போகும்போது லாபமாகக் கிடைத்த ஒரு மணி நேரத்தைத் திரும்பும்போது பஸ்ஸிலேயே தொலைத்தாக வேண்டும்.

எனக்கு இந்த அட்டவணை மீது உள்ள குறை வேறு. இடிபாடுகள் அறிவுக்கு, கிணறு உடம்புக்கு என்று இரண்டையும் தனித்தனிச் சரக்காக அது விற்கிறது. அந்தக் காட்டுக்குள் அப்படியொரு நகரம் எழும்பியதற்குக் காரணமே கிணறுகள்தான். இதைப் பஸ்ஸில் போகும்போதே சொல்லிவிடுகிற கைடு கிடைத்தால் கொடுத்த காசு செரித்த மாதிரி. பெரும்பாலும் கிடைப்பது, மாயன் நாட்காட்டியை வைத்து 2012-இல் அழியும் என்று சொன்ன உலகம் அழியாமல் போன கதை.

யுகாத்தானின் வடபகுதியில் ஆறு கிடையாது. மழை இல்லாத பூமி என்பதால் அல்ல. மே முதல் அக்டோபர் வரை நன்றாகவே பெய்கிறது. பெய்த தண்ணீர் தரையில் தங்குவதில்லை. மொத்தத் தீபகற்பமும் கடலடியில் படிந்து மேலெழுந்த சுண்ணாம்புப் பாறை. அதன் மேல் மண் பல இடங்களில் ஒரு சாண்கூட இருக்காது. காற்றிலும் மண்ணிலும் உள்ள கரியமில வாயுவைக் கரைத்துக்கொண்டு லேசாகப் புளித்துப்போகும் மழைநீர், பாறையை அரித்தபடி உள்ளே இறங்குகிறது. காலப்போக்கில் பாறை ஆப்பத்தின் நடுப்பகுதி மாதிரி துளை துளையாகிவிட்டது. ஆறுகள் எல்லாம் பூமிக்கு அடியில், குகைகளுக்குள் ஓடுகின்றன. குகையின் கூரை இடிந்து விழுந்த இடம்தான் செனோத்தே.

கரீபியன் கரையில் உள்ள துலும் ஊர்ப் பக்கம் இருக்கும் சாக் ஆக்தூன் என்ற குகைத்தொடரைக் குகை நீச்சல்காரர்கள் பல வருடங்களாக அளந்துகொண்டே இருக்கிறார்கள். 2018-இல் அதுவும் பக்கத்துக் குகைத்தொடர் ஒன்றும் இணைந்தவை என்று தெரிந்தபோது மொத்த நீளம் 347 கிலோமீட்டர் ஆயிற்று. தண்ணீருக்கு அடியில் கூரையிலிருந்து சுண்ணாம்பு விழுதுகள் தொங்குகின்றன. சொட்டுச் சொட்டாக நீர் விழுந்தால்தான் அப்படி விழுது வளரும். அப்படியானால் அந்தக் குகைகள் ஒரு காலத்தில் காய்ந்து கிடந்திருக்க வேண்டும். பனியூழிக் காலத்தில் கடல்மட்டம் நூறு மீட்டருக்கு மேல் தாழ்ந்திருந்தபோது அங்கே மனிதர்கள் நடந்து போயிருக்கிறார்கள். 2007-இல் அதே குகைத்தொடரின் ‘கருங்குழி’ என்ற பள்ளத்தில் பதின்பருவப் பெண் ஒருத்தியின் எலும்புக்கூடு கிடைத்தது. வயது 12,000 ஆண்டுகளுக்கு மேல். இருட்டில் தண்ணீர் தேடிப் போய் விழுந்திருக்கலாம் என்பது ஆய்வாளர்களின் ஊகம்.

இன்னொரு விஷயம் கைடுகளுக்கே ரொம்பப் பிடிக்கும். 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் டைனோசர்களுக்கு முடிவு கட்டிய விண்கல் விழுந்தது இங்கேதான், சிக்சுலுப் என்ற கடற்கரை ஊர் பக்கத்தில். ஏறக்குறைய 180 கிலோமீட்டர் அகலத்துக்கு அது தோண்டிய பள்ளம் பிற்பாடு சுண்ணாம்புப் படிவத்தால் மூடிவிட்டது. ஆனாலும் பள்ளத்தின் விளிம்பை ஒட்டிப் பாறை நொறுங்கியிருந்ததால் தண்ணீர் அந்த வழியாகவே ஓடி, செனோத்தேக்கள் அரைவட்டமாக வரிசை கட்டி நிற்கின்றன. சிச்சேன் இட்சா இந்த வளையத்தில் இல்லை. வளையத்தின் மேல் உள்ள ஊர்களுக்குப் பிறகு வருவோம்.

சிச்சேன் இட்சாவில் இறங்கியதும் இரண்டு கட்டணம் வாங்குவார்கள். ஒன்று மத்திய தொல்லியல் நிறுவனத்துக்கு, இன்னொன்று மாநில அரசுக்கு. ஆண்டுக்கு இருபது லட்சம் பேருக்கு மேல் வருகிற இடம். பதினொரு மணிக்குக் கான்கூன் பஸ்கள் மொத்தமாக வந்து சேரும்போது நிழல் என்று சொல்ல மரத்தடிகள் மட்டும்தான். மரத்தடிகளில் பிஸ்தே முதலான சுற்றுவட்டார ஊர்க்காரர்கள் கடை விரித்திருப்பார்கள். ஜாகுவார் உறுமுகிற மாதிரி சத்தம் போடும் ஊதலை விற்பவர்கள் நாள் முழுக்க அதை ஊதிக் காட்டிக்கொண்டே இருப்பார்கள். குக்குல்கான் பிரமிடின் முன்னால் நின்று கேட்கும் முதல் சத்தம் பெரும்பாலும் அதுதான்.

இரண்டாவது சத்தம் கைதட்டல். வடக்குப் படிக்கட்டுக்கு நேர் எதிரே நின்று ஒரு தட்டுத் தட்டினால், கீச்சென்று தொடங்கிக் குரல் இறங்கிப் போகும் பறவைக் கூவலாக எதிரொலி திரும்பி வருகிறது. கெட்ஸால் பறவையின் குரலை வரவழைக்கவே மாயர்கள் இப்படிக் கட்டினார்கள் என்று கைடு சொல்வார். எதிரொலிக்குக் காரணம் படிகள். கீழ்ப்படியில் பட்ட ஒலி முதலில் திரும்புகிறது, மேல்படிகளில் பட்டது இன்னும் இன்னும் தாமதித்து வருகிறது. இடைவெளி கூடக்கூடச் சுருதி இறங்குகிறது. வேண்டுமென்றே கட்டினார்களா என்பதற்குச் சான்று எதுவும் இல்லை. கெட்ஸால் இந்தச் சமவெளிப் பறவையும் இல்லை. அதன் பச்சை இறகுகள் தெற்கே மலைக்காடுகளிலிருந்து வியாபாரமாக வந்தவை. ஆனாலும் தட்டிப் பாருங்கள். கேட்க நன்றாகவே இருக்கிறது.

பிரமிடின் கணக்கு எல்லோருக்கும் தெரிந்தது: பக்கத்துக்கு 91 படி, நாலு பக்கம், உச்சியில் ஒரு மேடை, ஆக 365. ஏறுவதை நிறுத்திப் பல வருடங்கள் ஆகின்றன. 168 மீட்டர் நீளமுள்ள பந்தாட்டக் களத்தில், ஆட்டத்தில் ஜெயித்தவனின் தலையைத்தான் வெட்டினார்கள் என்று ஒரு கதை தவறாமல் வரும். களத்தின் பக்கச் சுவரில் தலையிழந்த ஆட்டக்காரன் ஒருவன் செதுக்கப்பட்டிருப்பது உண்மை. அவன் கழுத்திலிருந்து ரத்தம் பாம்புகளாகப் பீறிடுகிறது, நடுவே ஒரு கொடி பூத்து வளர்கிறது. அவன் ஜெயித்தவனா தோற்றவனா என்று கல் சொல்லவில்லை. கைடின் பேச்சை அங்கேயே விட்டுவிட்டு அந்தப் பாம்புகளையும் கொடியையும் நின்று பார்ப்பது நல்லது.

பலரும் தவறவிடுவது பிரமிடுக்கு வடக்கே போகும் வெள்ளைச் சாலையை. சுமார் 300 மீட்டர் நடந்தால் புனித செனோத்தே. ‘நேரமில்லை, அங்கே குளிக்க முடியாது, வெறும் பச்சைத் தண்ணீர்’ என்று பல டூர்களில் இதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். அறுபது மீட்டர் அகலம், செங்குத்தான வெள்ளைச் சுவர், இருபது மீட்டருக்கு மேல் கீழே அசையாத பாசித் தண்ணீர். குடிப்பதற்கு ஊரின் இன்னொரு பக்கம் ஷ்தோலோக் என்ற செனோத்தே இருந்தது. இந்தக் கிணறு சாக் என்ற மழைக் கடவுளுக்கு.

1894-இல் எட்வர்ட் தாம்சன் என்ற அமெரிக்கத் தூதரக அதிகாரி இந்த இடிபாடுகள் இருந்த பண்ணையை மொத்தமாக விலைக்கு வாங்கினார். 1904-இல் தூர்வாரும் வாளியை இறக்கிச் சேற்றை அள்ளத் தொடங்கினார். பிறகு முக்குளிப்பு உடையைப் போட்டுக்கொண்டு அவரே உள்ளே இறங்கினார். ஜேட் கற்கள், தெற்கே பனாமா வரையிலிருந்து வந்த தங்கம், குங்கிலிய உருண்டைகள், மனித எலும்புகள் எல்லாம் வந்தன. கிடைத்ததில் பெரும்பகுதி ஹார்வர்டின் பீபடி அருங்காட்சியகத்துக்குப் போய்ச் சேர்ந்தது. 1926-இல் மெக்சிகோ அரசு பண்ணையைப் பறிமுதல் செய்தது. 1944-இல் உச்ச நீதிமன்றம் அவருடைய வாரிசுகள் பக்கம் தீர்ப்புச் சொல்லிவிட்டது. அவர்களிடமிருந்து நிலம் சுற்றுலாத் தொழில் செய்த ஒரு குடும்பத்துக்குக் கைமாறி, 2010-இல்தான் யுகாத்தான் மாநில அரசு 22 கோடி பெசோ கொடுத்து அதை வாங்கியது. உலகப் பாரம்பரியச் சின்னமாக யுனெஸ்கோ அறிவித்து அப்போது 22 ஆண்டுகள் ஆகியிருந்தன! அதுவரை பிரமிடு நின்ற நிலத்துக்குப் பட்டா தனியாரிடம். நம் ஊர் வருவாய்த் துறைக்காரர்களே வாயைப் பிளக்கும் கதை இது.

கன்னிப் பெண்களை அலங்கரித்துக் கிணற்றில் தள்ளினார்கள் என்ற கதையைப் பரப்பியதில் தாம்சனுக்கும் பங்கு உண்டு. அள்ளிய எலும்புகளில் ஆண்களும் பெண்களும் குழந்தைகளும் இருந்தார்கள். 2024-இல் ‘நேச்சர்’ இதழில் வந்த மரபணு ஆய்வு கதையை இன்னும் கலைத்துப் போட்டது. புனித செனோத்தேக்குப் பக்கத்தில், மழைநீர் சேமிக்கும் நிலவறை ஒன்றில் 1967-இல் கிடைத்த 64 குழந்தைகளின் எலும்புகளைச் சோதித்தார்கள். அத்தனையும் ஆண் குழந்தைகள். பெரும்பாலும் மூன்றிலிருந்து ஆறு வயது. நாலில் ஒரு பங்கு நெருங்கிய உறவுகள். அவர்களில் இரண்டு ஜோடி ஒத்த உருவ இரட்டையர். மாயர் புராணத்தில் பாதாளம் போய் வரும் இரட்டையர் கதை இருக்கிறது. அதற்கும் இதற்கும் முடிச்சுப் போடுகிறார்கள் ஆய்வாளர்கள்.

மழைக்கு ஏன் அந்த விலை? யுகாத்தான் மாநிலத் தலைநகர் மெரிதாவுக்குத் தெற்கே தெகோ என்ற ஊர்க் குகையில் வளர்ந்த ஒரு சுண்ணாம்புத் தூணின் அடுக்குகளை வருடம் வருடமாகப் படித்து 2025-இல் ஓர் ஆய்வு வந்தது. கி.பி. 871-க்கும் 1021-க்கும் இடையே மூன்று வருடமோ அதற்கு மேலோ நீடித்த வறட்சி எட்டு முறை. அதில் ஒன்று பதின்மூன்று வருடம். தெற்கே உஷ்மல் என்ற இன்னொரு மாயர் ஊரில் செனோத்தேயே கிடையாது. அங்கே நிலவறைத் தொட்டிகளில் மழைநீரைப் பிடித்து வைத்துத்தான் ஒரு நகரமே பிழைத்தது. அங்குள்ள மாளிகைச் சுவர்களில் சாக் கடவுளின் வளைந்த மூக்கு நூற்றுக்கணக்கில் துருத்திக்கொண்டு நிற்பதில் ஆச்சரியம் என்ன?

இவ்வளவையும் கேட்டுவிட்டு மதியம் இக் கில் செனோத்தேயில் இறங்கினால் குளியலே வேறு மாதிரி ஆகிவிடும். சிச்சேன் இட்சாவுக்கு மிக அருகில் இருப்பதால் டூர்க்காரர்கள் பெரும்பாலும் அங்கேதான் கூட்டிப் போகிறார்கள். ஷவரில் நின்று சன்ஸ்கிரீனைக் கழுவி, லைஃப் ஜாக்கெட் மாட்டி, பாறையில் வெட்டிய படிகளில் 26 மீட்டர் இறங்க வேண்டும். மேலே தரையில் நிற்கும் மரங்களின் வேர்கள் அத்தனை உயரத்தையும் கடந்து தண்ணீரைத் தொடுகின்றன. தண்ணீர் வருடம் முழுக்க 24, 25 டிகிரி. கறுத்த சின்னக் கெளுத்தி மீன்கள் காலடியில் உரசும். அதிர்ஷ்டம் இருந்தால், வால் நுனியில் மட்டும் இறகு வைத்த நீலப் பறவை ஒன்று சுவர்ப் பொந்திலிருந்து பறக்கும், ‘தோ’ என்பார்கள். கிணற்றுச் சுவரில் கூடு கட்டுகிற பறவை அது. காட்டில் அதைக் கண்டால் பக்கத்தில் தண்ணீர் இருக்கிறது என்று கணக்கு. மதியம் ஒரு மணிக்குப் போனால் பறவையைப் பார்க்க முடியாது, தலைகளைத்தான் பார்க்கலாம்.

என்னைக் கேட்டால், முன்பு சொன்ன அந்தச் செனோத்தே வளையத்தின் மேல் இருக்கும் ஊர்களுக்குப் போங்கள் என்பேன். மெரிதாவிலிருந்து ஒரு மணி நேரத்தில் ஓமூன். அங்கே செனோத்தேக்களை ஊர்க் குடும்பங்களும் கிராமப் பொது நிலக் கூட்டமைப்புகளும் நடத்துகின்றன. மோட்டார் ஆட்டோக்காரரே கைடு. ஒன்றுக்குப் பின் ஒன்றாகக் கூட்டிப் போவார். தங்களுக்குள் மாயா மொழியில் பேசிக்கொள்வார்கள். மெக்சிகோவில் அந்த மொழி பேசுகிறவர்கள் ஏழரை லட்சத்துக்கும் மேல். ‘மறைந்துபோன மாயர்’ என்று இன்னும் எழுதுகிறவர்கள் இந்த ஆட்டோவில் ஒரு நாள் ஏற வேண்டும்.

இதே ஓமூனில் 49,000 பன்றிகள் கொள்ளும் பண்ணை ஒன்று வந்தது. பாறையே துளை என்னும்போது மேலே கொட்டுகிற எதுவும் வடிகட்டப்படாமல் நேராகக் கிணற்றில் கலந்துவிடும். ஊரார் சங்கம் சேர்த்தார்கள். ஊர்க் குழந்தைகளின் பெயரிலேயே வழக்குப் போட்டார்கள். 2018-இல் பண்ணையின் இயக்கத்தை நிறுத்தி வைக்க உத்தரவு வந்தது. 2021-இல் உச்ச நீதிமன்றமும் அந்தத் தடையை உறுதி செய்தது. குளிக்க வருகிறவரிடம் சன்ஸ்கிரீன் பூசாதே என்பது சரிதான். ஆனால் ஹோட்டல் சாக்கடையும் பண்ணைக் கழிவும் கலக்கிற அளவுக்கு முன்னால் சன்ஸ்கிரீன் எம்மாத்திரம்? போதாததற்கு 2023 டிசம்பரில் மாயா ரயில் ஓடத் தொடங்கியது. கான்கூனுக்கும் துலுமுக்கும் இடையே குகைகளின் கூரையைத் துளைத்து இரும்புத் தூண்களை இறக்கியிருக்கிறார்கள். சுண்ணாம்பு விழுதுகளுக்கு நடுவே அந்தத் தூண்கள் நிற்பதைக் குகை நீச்சல்காரர்கள் படம் பிடித்து வெளியிட்டார்கள்.

போகிறவர்களுக்கு இரண்டொரு வார்த்தை. கான்கூனில் தங்காதீர்கள், முந்தின இரவே வயாதொலித் வந்துவிடுங்கள். அங்கிருந்து சிச்சேன் இட்சா முக்கால் மணி நேரம்தான். வாசல் எட்டு மணிக்குத் திறக்கும். கான்கூன் பஸ்கள் வரும் முன்பு இரண்டு மணி நேரத்துக்கு மேல் உங்களுக்கு. உள்ளே நுழைந்ததும் பிரமிடைக் கடந்து முதலில் புனித செனோத்தேக்கு நடந்துவிடுங்கள், வெயில் ஏறிவிட்டால் அந்த நடைக்கு மனசு வராது. பஃபேயைத் தவிர்த்துவிட்டு வயாதொலித் சந்தையில் கொச்சினிதா பிபில் சாப்பிடலாம். பன்றிக்கறியை அச்சியோத்தே என்ற சிவப்பு விதை விழுதிலும் புளிப்பு ஆரஞ்சுச் சாற்றிலும் ஊறவைத்து, வாழை இலையில் கட்டிக் குழியடுப்பில் வேகவைப்பது. ஞாயிற்றுக்கிழமை வேண்டாம். அன்று மெக்சிகோக்காரர்களுக்கு மத்திய தொல்லியல் கட்டணம் கிடையாது, குடும்பம் குடும்பமாக வந்து நிற்பார்கள்.