விதைப்பை வீக்கம்: குடலா, நீரா?

விதைப்பையில் இறங்கி நிற்கும் வீக்கம் பெரும்பாலும் இரண்டில் ஒன்று: வயிற்றிலிருந்து சரிந்த குடல், அல்லது விதையைச் சுற்றித் தேங்கிய நீர். மருத்துவர்கள் குடலிறக்கம், ஹைட்ரோசில் என்று பிரிப்பார்கள். பேச்சுவழக்கில் எதுவானாலும் ‘ஓதம்’தான். அப்படிச் சேர்த்துச் சொல்வதிலும் நியாயம் உண்டு. இரண்டும் பல சமயம் ஒரே வழியில் வருபவை.

கருவில் விதைகள் உருவாவது வயிற்றுக்குள். ஏழாம் மாதவாக்கில் அவை கீழிறங்கும்போது வயிற்றின் உட்சவ்வும் ஒரு குழாய்போலக் கூடவே இறங்கும். பிறகு அந்தக் குழாய் தூர்ந்துவிட வேண்டும். அகலமாகத் திறந்தே கிடந்தால் குடல் நழுவும். நூலளவு திறந்திருந்தால் நீர் மட்டும் கசியும். காலையில் சிறுத்து, ஓடியாடிய மாலையில் பருக்கும் குழந்தைகளின் வீக்கம் இந்த ரகம். சிலருக்குக் குடலும் நீரும் சேர்ந்தே இருக்கும். பெரியவர்களிடம் யானைக்கால் நோய்ப் புழு, அடி, தொற்று ஆகியவற்றாலும் நீர் கோக்கும்.

மருத்துவர் முதலில் நம்புவது தன் விரல்களை. வீக்கத்துக்கு மேலே, விதைப்பையின் கழுத்தைக் கட்டைவிரலாலும் ஆள்காட்டி விரலாலும் பிடித்துப் பார்ப்பார். வீக்கம் அங்கேயே முடிந்தால் பெரும்பாலும் நீர். வயிறுவரை தொடர்ந்து, இருமும்போது விரலில் மோதி, படுத்தால் உள்ளே போனால் குடல். இருட்டறையில் டார்ச் அடித்தால் நீர்ப்பை செக்கச்செவேலென்று ஒளிரும். ஆனால் கைக்குழந்தையின் மெல்லிய குடலும் அப்படியே ஒளிர்ந்து ஏமாற்றும். ஐயத்தைத் தீர்ப்பது ஸ்கேன். நீருக்குப் பின்னால் ஒளிந்திருக்கும் விதைக் கட்டியையும் அது காட்டிக்கொடுக்கும்.

குழந்தையின் ஹைட்ரோசில் பெரும்பாலும் இரண்டு வயதுக்குள் தானாக வற்றும், காத்திருக்கலாம். குடலிறக்கம் தானாக மூடாது, தள்ளிப்போடாமல் அறுவைச் சிகிச்சை செய்வதே சரி. வற்றாத நீருக்கும் அதே சிகிச்சைதான்: அடிவயிற்று மடிப்பில் சிறிதாகக் கீறி, திறந்த குழாயின் கழுத்தைக் கட்டிவிடுவது. பெரியவர்களுக்குக் குடலை உள்ளே தள்ளி, பலவீனமான தசைச்சுவரில் வலை வைத்துத் தைப்பார்கள். நீர்ப்பை இருந்தால் அதைத் திறந்து, உட்புறம் வெளியே வரும்படி திருப்பித் தைப்பதும் உண்டு. ஊசியால் உறிஞ்சினால் போதும் என்பது தவறான சிக்கனம். நீர் மறுபடி ஊறும், பையில் குடலும் இருந்தால் ஊசி அதையே குத்தும்.

வீக்கம் திடீரென்று இறுகி, வலித்து, உள்ளே போக மறுத்து, வாந்தியும் வந்தால் குடல் நெரிபடுகிறது என்று பொருள். ரத்த ஓட்டம் நின்ற குடல் சில மணி நேரத்திலேயே அழுகத் தொடங்கும். விடியட்டும் என்று படுத்துவிடாமல் அந்த இரவே மருத்துவமனைக்குப் போய்ச்சேர வேண்டும்.