ஆல்ஃபிரட்: பெயருக்குள் ஒரு மாடன்

எங்க குரோம்பேட்டைக்குப் பெயர் தந்தது குரோம் லெதர் ஆலை. சென்னையில் குரோம் பதனிடுதலைத் தொடங்கிவைத்தவர் ஆல்ஃபிரட் சாட்டர்டன். அதே பெயர் தமிழ்க் கிறித்தவர்களிடமும் உண்டு. மாடன், காடன் எல்லாம் பேய்ப் பெயர், கழட்டிப்போடு என்ற போதனையோடு வந்தவை இத்தகைய ஞானஸ்நானப் பெயர்கள். நெல்லை நாடார்களின் வழிபாட்டைக் கால்டுவெல் 1849இல் பேய் வழிபாடு என்றே எழுதினார்.

ஆல்ஃபிரட்டைப் பிரித்துப் பாருங்கள். பழைய ஆங்கிலத்தில் முன்பாதி, கிறித்தவத்துக்கு முந்தைய ஜெர்மானியரின் அமானுஷ்ய சக்தி, பின்பாதி, ஆலோசனை. அதாவது அவங்க ஊர் மாடன் சொன்ன யோசனை! அந்தச் சக்தியையும் கிறித்தவம் பிற்பாடு பேயாக்கியது. ஆனால் 871 முதல் 899 வரை ஆண்ட கிறித்தவ வெசக்ஸ் மன்னனின் பெயரில் அது பத்திரமாக இருந்தது.

இழிவு சுமத்திய பெயரை ஒடுக்கப்பட்டவர் உதறியது விடுதலைதான். அதில் எனக்குச் சந்தேகமில்லை. ராஜா பெயரில் இருக்கும் பேய் மரபாகவும், கூலிக்காரன் பெயரில் இருக்கும் சாமி பேயாகவும் ஆனது எப்படி? அதைத்தான் கேட்கிறேன்.