பழங்கதையும் புதுப்புனைவும்: ஒடிசியின் பன்னிரு பணிப்பெண்கள்

எந்த இனத்தின் இலக்கிய வரலாற்றை எடுத்து நோக்கினும் அதன் தலைவாயிலிலே பழங்கதைகள் நிற்பதைக் காணலாம். தேவரும் வீரரும் அரக்கரும் உலாவும் அக்கதைகள் ஒருவர் இருந்து எழுதியவை அல்ல. பல தலைமுறையினர் வாய்மொழியாக வளர்த்தவை. விஞ்ஞானமும் அச்சுயந்திரமும் பெருகிய பின்னர் அவை தாமாகவே மறைந்தொழியும் எனக் கருதினோர் உளர். நிகழ்ந்ததோ அதற்கு மாறானது. இருபதாம் நூற்றாண்டிலே பழங்கதைகளை ஆராயும் நூல்களும் அவற்றை அடியாகக் கொண்ட நாவல்களும் பெருகின. இருபத்தோராம் நூற்றாண்டிலும் அப்பெருக்கு ஓய்ந்திலது. பழங்கதையைப் புதிதாகச் சொல்வோன் அதனை வளர்க்கின்றானா, அன்றிச் சிதைக்கின்றானா என்னும் வினா இதனால் எழுகின்றது. இதற்கு விடை காணக் கிரேக்கரின் 'ஒடிசி' என்னும் பெருங்காப்பியத்தின் ஒரு சிறு பகுதியை எடுத்து ஆராய்தல் தகும்.

பழங்கதை பற்றிய நூல்கள் இருவகைப்படும். தொகுத்தும் ஒப்பிட்டும் ஆராய்வன ஒருவகை. கதையையே மீளப் புனைவன மற்றொரு வகை. முதல் வகைக்குச் சேர் ஜேம்ஸ் பிரேசரின் 'பொற்கிளை' தக்க சான்றாகும். 1890 இல் இரு தொகுதிகளாக வெளிவந்த அந்நூல், 1915 இல் நிறைவுற்ற மூன்றாம் பதிப்பிலே பன்னிரு தொகுதிகளாக விரிந்தது. 1955 இல் றொபேட் கிறேவ்ஸ் வெளியிட்ட 'கிரேக்கப் பழங்கதைகள்' ஒரே கதையின் பல்வேறு வடிவங்களை அருகருகே வைத்துக் காட்டியது. இத்தகைய நூல்கள் எழுத்தாளருக்குக் களஞ்சியங்களாக அமைந்தன.

இரண்டாம் வகையில் முதன்மை பெறுவது ஜேம்ஸ் ஜொய்ஸ் 1922 இல் வெளியிட்ட 'யுலிசிஸ்' என்னும் நாவல். ஒடிசியுஸ் என்னும் வீரன் பத்தாண்டு கடலில் அலைந்த கதையை, 1904 ஆம் ஆண்டு யூன் 16 ஆந் திகதி டப்ளின் நகரில் விளம்பரந் திரட்டி வாழும் ஒரு சாதாரண மனிதனின் ஒருநாட் கதையாக ஜொய்ஸ் மாற்றினார். ஒழுங்கிழந்து கிடக்கும் தற்கால வாழ்வுக்கு ஓர் உருவத்தைத் தரப் பழங்கதை உதவுகின்றது என்று 1923 இல் அந்நாவலைப் பற்றி எழுதிய தி. எஸ். எலியற் விளக்கினார்.

2005 இல் ஸ்கொத்லாந்தின் எடின்பரோ நகரிலுள்ள கனன்கேற் பதிப்பகம், பல நாட்டு எழுத்தாளரைக் கொண்டு பழங்கதைகளை மீளப் புனைவிக்கும் நூல்வரிசை ஒன்றைத் தொடங்கியது. அவ்வரிசையின் முன்னுரை போன்று அமைந்தது கரன் ஆம்ஸ்ரோங் எழுதிய பழங்கதையின் சுருக்க வரலாறு. வாழ்வுக்கு வழிகாட்டும் பணியைப் பழங்கதை இழந்துவிட்ட காலத்திலே, அப்பணியை எழுத்தாளரும் கலைஞரும் ஏற்றனர் என்பது அதன் முடிபு. ஜீனற் வின்ரர்சன், வானைத் தாங்கும் அத்லசின் கதையை எடுத்துக்கொண்டார்; 1957 இல் விண்ணுக்கு ஏற்றப்பட்ட லைக்கா என்னும் நாயை அவ்வீரனுக்குத் துணையாக்கினார். தன் கண்ணீரால் சீனப் பெருஞ்சுவரை இடியச் செய்த மங்கையின் கதையைச் சீன எழுத்தாளர் சூ தொங் மீளச் சொன்னார். கனேடிய எழுத்தாளர் மார்கரெற் அற்வூட் எழுதிய 'பெனலோப்பியாட்' இவ்வரிசையிலே தனித்து நோக்கத்தக்கது. அதன் சிறப்பை உணர்தற்கு மூலக் காப்பியத்தை முதலில் அறிதல் வேண்டும்.

இத்தாக்கா தீவின் மன்னன் ஒடிசியுஸ். துரோய் நகரப் போரிலே பத்தாண்டும், மீளும் வழியிலே பத்தாண்டும் அவனுக்குக் கழிந்தன. அவன் இறந்தான் எனக் கொண்டு அவன் மனைவி பெனலோப்பியை மணக்க விரும்பிய 108 பேர் அரண்மனையிலே புகுந்து அவன் செல்வத்தை உண்டு அழித்தனர். மாமனாருக்குரிய ஈமத்துகிலை நெய்து முடித்த பின்னரே மணம் என்று கூறிய பெனலோப்பி, பகலில் நெய்ததை இரவிலே பிரித்து மூன்றாண்டு காலத்தைக் கடத்தினாள். இறுதியில் மீண்டுவந்த ஒடிசியுஸ், மகன் தெலிமாக்கசின் துணையோடு அவ்விளைஞரைக் கொன்றொழித்தான். கற்புக்குப் பெனலோப்பியும் மதிநுட்பத்துக்கு ஒடிசியுசும் எடுத்துக்காட்டாயினர்.

ஆயின் காப்பியத்தின் இருபத்திரண்டாம் பகுதியிலே, விரைந்து படிப்போர் கடந்து சென்றுவிடும் ஒரு நிகழ்ச்சி உண்டு. அரண்மனையிலே ஐம்பது பணிப்பெண்கள் இருந்தனர். அவருட் பன்னிருவர் அவ்விளைஞரோடு கூடி நெறி தவறினர் என்று முதிய செவிலி யூரிக்கிளையா கூறுகின்றாள். அப்பன்னிருவரும் பிணங்களைச் சுமந்து அகற்றுமாறும் குருதி படிந்த மண்டபத்தைக் கழுவுமாறும் ஏவப்படுகின்றனர். வேலை முடிந்ததும், அவர்களை வாளால் வெட்டுமாறு தந்தை இட்ட ஆணையையும் கடந்து, தூய சாவு அவர்களுக்குத் தகாது என்று தெலிமாக்கஸ் கப்பற் கயிற்றிலே வரிசையாகத் தூக்கிலிடுகின்றான். கண்ணியில் அகப்பட்ட பறவைகளுக்கு அவர்களை உவமை கூறுகின்ற ஹோமர், அவர்தம் கால்கள் சிறிது நேரமே துடித்தன என்று கூறி அமைகின்றார். விசாரணை இல்லை, அவர்கள் கூற்று என்று ஒரு சொல்லேனும் இல்லை.

இவர்கள் உண்மையில் குற்றவாளிகளா? இதற்குரிய சான்று அதே பகுதியின் தொடக்கத்திலேயே கிடக்கின்றது. அம்பெடுத்து நின்று ஒடிசியுஸ் இளைஞர்மீது சுமத்தும் குற்றங்களுள் ஒன்று, அவர்கள் பணிப்பெண்களை வலிந்து சேர்ந்தனர் என்பதாகும். வலிந்து சேர்ந்தது இளைஞரின் குற்றமாயின், வலிமைக்கு ஆட்பட்டது பெண்களின் குற்றம் ஆதல் எங்ஙனம்? அவர்கள் விலை கொடுத்து வாங்கப்பட்ட அல்லது போரிலே கைப்பற்றப்பட்ட அடிமைகள். வேண்டாம் என்று மறுக்கும் உரிமை பெற்றவர் அல்லர். காப்பியம் ஒரு வாயால் அவர்களைத் துன்புற்றோர் என்றும், மறுவாயால் துரோகிகள் என்றும் கூறி இரண்டுக்குமிடையே ஒரு வெற்றிடத்தை விட்டுச் செல்கின்றது.

அவ்வெற்றிடத்தைப் பிற்காலத்தார் தம் கருத்தால் நிரப்பினர். ஆங்கில மொழிபெயர்ப்பாளர் சிலர், தெலிமாக்கஸ் பேசும் இடத்திலே அப்பெண்களைப் பரத்தையர் என்னும் பொருள்படும் வசைச் சொற்களாற் சுட்டினர். ஒடிசி முழுவதையும் ஆங்கிலத்திலே மொழிபெயர்த்து வெளியிட்ட முதற் பெண்மணியாகிய எமிலி வில்சன், 2017 இல் தம் நூலை வெளியிட்டபோது இதனை எடுத்துக்காட்டினார். அவ்விடத்து மூலத்திலே வசைச்சொல் இல்லை. பெண்பாலைச் சுட்டும் ஒரு சொல் மாத்திரமே உளது. கவிஞர் கூறாத பழியை மொழிபெயர்ப்பு ஏற்றிவைத்தது. இறந்தோர் மறுத்துரைக்க இயலாமையின் அப்பழி நெடுங்காலம் நிலைத்தது.

அற்வூட் இப்பெண்களுக்குப் பேச்சைக் கொடுத்தார். அவர் நாவலிலே பெனலோப்பி இறந்தோர் உலகிலிருந்து தன் கதையைக் கூறுகின்றாள். கிரேக்க நாடகத்தின் பாடற்குழுவைப்போல இடையிடையே தோன்றும் பன்னிரு பணிப்பெண்களும் தம் கதையைக் கூறுகின்றனர். இரவிலே துகிலைப் பிரிக்கத் துணை நின்றோர் அவர்களே; இளைஞரோடு பழகி அவர்தம் எண்ணங்களை அறிந்துவருமாறு அவர்களை ஏவியவளும் பெனலோப்பியே. இம்மறைபொருளைச் செவிலி அறியாள். உரிய நேரத்திலே பெனலோப்பியும் வெளிப்படுத்தினாள் அல்லள். எனவே அவர்கள் சாவுக்கு ஒடிசியுஸ் மாத்திரமன்றி அவளும் பொறுப்பாகின்றாள். நாவலின் ஓரிடத்தில் ஒடிசியுஸ் தற்கால நீதிமன்றிலே விசாரிக்கப்படுகின்றான். அங்கேயும் அப்பெண்களுக்கு நீதி கிடைக்கவில்லை. கற்பரசியைப் புகழும் கதைக்குள்ளே அடிமையின் அவலம் மறைந்து கிடந்தமையை நாவல் இவ்வாறு உணர்த்துகின்றது.

காலத்தால் புனிதமான கதையை மாற்றுதற்கு இவர்க்கு என்ன உரிமை என்று கேட்போர் இருக்கலாம். பழங்கதையை மாற்றுதல் தற்காலத்தார் கண்டுபிடித்தது அன்று. எல்லோராலும் பழிக்கப்பட்ட ஹெலன் துரோய்க்குச் சென்றாளே அல்லள், எகிப்திலே கற்போடு காத்திருந்தாள் என்று கி.மு. 412 இல் யூரிப்பிடிஸ் நாடகம் இயற்றினார். பாரத நாட்டு மரபிலும் இதற்குச் சான்று உண்டு. வான்மீகத்தில் அகலிகை கல்லாகின்றாள் அல்லள். எவர் கண்ணுக்கும் புலப்படாது தவமிருக்கின்றாள். கம்பரோ அவளைக் கல்லாக்கினார். 1943 இல் வெளிவந்த 'சாபவிமோசனம்' என்னும் சிறுகதையிலே, சீதை தீக்குளிக்க நேர்ந்ததைக் கேட்ட அகலிகையை மீண்டும் கல்லாகச் செய்தார் புதுமைப்பித்தன். தன்னை மீட்டவனே தன் மனைவியை ஐயுற்றான் என்னும் முரண், கதை தொகுக்கப்பட்ட நாள்முதல் அங்கே இருந்ததே; புதுமைப்பித்தன் அதனைச் சுட்டினார். ஏறத்தாழ அறுபதாண்டு கழித்து அற்வூட் ஒடிசியிலே செய்ததும் அதுவே.

இவற்றால் ஓர் அளவுகோல் பெறப்படுகின்றது. மீளச் சொல்வோனின் வினா மூலத்தின் உள்ளேயிருந்து பிறத்தல் வேண்டும். பழைய பெயர்களை மாத்திரம் எடுத்துத் தன் காலத்துக் கொள்கையை அவற்றின் வாயிலே திணிப்பவன், கதையைப் பயன்படுத்துகின்றான்; அதனோடு உரையாடுகின்றான் அல்லன். மூலம் விட்ட இடைவெளியை, மூலத்தின் சொற்களையே சான்றாகக் கொண்டு நிரப்புபவனே பழங்கதையை வளர்ப்பவன். அற்வூட்டின் கற்பனையில் எல்லாமும் ஹோமரால் மெய்ப்பிக்கத்தக்கன அல்ல; அவர் நாவலாசிரியரேயன்றி ஆராய்ச்சியாளர் அல்லர். ஆயினும் அவர் எழுப்பிய வினா ஹோமருடையது.

ஆகவே இத்தகைய நூல்களைக் கற்கும் மாணவர் புதியதை மாத்திரம் படித்து மூலத்தை இகழ்தலும் தவறு. மூலத்தை மாத்திரம் போற்றிப் புதியதை ஒதுக்குதலும் தவறு. இரண்டையும் அருகருகே வைத்துக் கற்றல் வேண்டும். 'பெனலோப்பியாட்' நூலைப் படித்த பின்னர் ஒடிசியின் இருபத்திரண்டாம் பகுதிக்கு மீள்பவர், முன்னர் விரைந்து கடந்த வரிகளிலே தங்கி நிற்பர். வீரனின் வெற்றி அங்கே குறைவதில்லை. கயிற்றிலே தொங்கிய பன்னிருவரும் இனிக் கண்ணுக்குத் தெரிவர்.