திரை கேட்பது உங்களுக்குப் புரிகிறதா?



உப்பலில் குடியேறியிருக்கும் ஒரு தமிழ்க் குடும்பத்தை மனக்கண்முன் நிறுத்திப் பாருங்கள். தந்தை தொழிற்பேட்டைக்கு வேலைக்குச் சென்றுவிட்டார். தாய் சமையலறையில் இருக்கிறார். எட்டு வயது மகன் கைபேசியில் விளையாடிக்கொண்டிருக்கிறான். திடீரென்று விளையாட்டு நின்று, திரையின் நடுவே ஒரு கட்டம் தோன்றுகிறது. அதில் நான்கு வரி தெலுங்கு எழுத்து. அதன் கீழே இரண்டு பொத்தான்கள்.

"என்னப்பா கேட்கிறது?" என்று தாய் வினவுகிறார்.

"ஒன்றுமில்லையம்மா, 'சரி' என்று அழுத்தச் சொல்கிறது" என்கிறான் மகன். தாயும் தலையசைத்துவிட்டு அடுப்பை நோக்கித் திரும்புகிறார்.

இந்தக் காட்சி உங்கள் இல்லத்திலும் நடந்திருக்கலாம். இதில் வீட்டின் ஒழுங்கு சற்றே தலைகீழாய் மாறியிருப்பதைக் கவனித்தீர்களா? தெலங்கானாவில் 2018-ஆம் ஆண்டு இயற்றப்பட்ட சட்டத்தின்படி பள்ளிகளில் தெலுங்கு கட்டாயப் பாடம். ஆகவே பிள்ளைக்குத் தெலுங்கு வாசிக்கத் தெரிகிறது. தமிழ்நாட்டில் படித்து வளர்ந்த தாய்க்குத் தெரியவில்லை. அனுமதி கொடுக்க வேண்டியவர் தாய்; ஆனால் அந்த அனுமதி எதற்கு என்று அறிந்தவன், அல்லது அறிந்ததாய்ச் சொல்பவன், பிள்ளை!

பிள்ளை தெலுங்கு கற்பது நன்மையே. நாம் வாழ்கிற ஊரின் மொழியை அறிந்திருப்பது அவனுக்கு வாழ்நாளெல்லாம் உதவும். ஆனால் வீட்டின் பணமும் விவரங்களும் அடங்கிய கைபேசி, வீட்டுப் பெரியவருக்குப் புரியாத மொழியில் கேள்வி கேட்பது நல்லதல்ல. அதை மாற்றுவது கடினமும் அல்ல.

விளையாட்டு மொழியை எங்கிருந்து எடுக்கிறது?

விளையாட்டு தன் விருப்பப்படி மொழியைத் தேர்ந்தெடுப்பதாகப் பலர் எண்ணுகிறார்கள். உண்மையில், பெரும்பாலான விளையாட்டுகள் முதன்முறை திறக்கப்படும்போது கைபேசியைத்தான் கேட்கின்றன. "உன் உரிமையாளர் எந்த மொழியை விரும்புகிறார்?" என்பதே அக்கேள்வி. கைபேசி தன்னிடமுள்ள மொழிப்பட்டியலைக் காட்டுகிறது. கடைக்காரர் தெலுங்கை வைத்துக் கொடுத்திருந்தாலும், பழைய கைபேசியை விற்றவர் இந்தியை விட்டுச் சென்றிருந்தாலும், அதுவே உங்கள் விருப்பம் என்று விளையாட்டு எடுத்துக்கொள்கிறது.

ஆண்ட்ராய்டு கைபேசிகளில் 2016-இல் வந்த ஏழாம் பதிப்பு முதல், ஒன்றுக்கு மேற்பட்ட மொழிகளை வரிசையாக வைக்கும் வசதி உண்டு. முதல் மொழி விளையாட்டில் இல்லையென்றால் இரண்டாவதை, அதுவும் இல்லையென்றால் மூன்றாவதைத் தேடும். எதுவுமே இல்லையென்றால், விளையாட்டைச் செய்தவர் அடிப்படையாக வைத்த மொழி வந்து நிற்கும். அது பெரும்பாலும் ஆங்கிலம்; சிலவற்றில் சீனமாகவோ ஜப்பானியமாகவோ இருக்கலாம். தமிழை மட்டும் வைத்திருப்பவர்களுக்கு, தமிழ் இல்லாத விளையாட்டு ஒன்று அறியாத எழுத்தில் தோன்றுவது இதனால்தான்.

பட்டியலில் தமிழ் முதலிடத்திலும், நீங்கள் வாசிக்கக்கூடிய ஆங்கிலம் இரண்டாமிடத்திலும் இருக்கட்டும். தெலுங்கு வேண்டுமானால் மூன்றாமிடத்தில் இருக்கலாம்.

சரிசெய்யும் வழி

முதலாவது, விளையாட்டின் உள்ளேயே பாருங்கள். முகப்புத் திரையின் ஓரத்தில் பற்சக்கரம் போன்ற படம் இருக்கும். அதை அழுத்தினால் வரும் பக்கத்தில் உலக உருண்டைப் படமோ, ஒரு சிறு கொடியோ தென்படலாம். அதுவே மொழிக்கான இடம். மொழிப்பட்டியல்களில் ஒவ்வொரு மொழியின் பெயரும் பெரும்பாலும் அதனதன் எழுத்திலேயே எழுதப்பட்டிருக்கும். சுற்றிலும் புரியாத எழுத்துகள் இருந்தாலும், 'தமிழ்' என்பதும் 'இங்கிலீஷ்' என்பதன் ஆங்கில எழுத்தும் உங்கள் கண்ணுக்குத் தப்பாது. மாற்றிய பின் விளையாட்டை முழுவதுமாய் மூடித் திறங்கள். சில விளையாட்டுகள் புதிய மொழிக்கான எழுத்துகளை இணையத்திலிருந்து இறக்க நேரம் எடுக்கும், பொறுமையாய் இருங்கள்.

இரண்டாவது, விளையாட்டில் அந்த இடம் இல்லையென்றால் கைபேசியின் 'செட்டிங்ஸ்' பகுதிக்குச் செல்லுங்கள். தமிழில் அதன் பெயர் 'அமைப்புகள்'. அங்கே 'சிஸ்டம்' என்பதற்குள் 'லாங்குவேஜஸ்' இருக்கும். சாம்சங் கைபேசிகளில் 'ஜெனரல் மேனேஜ்மென்ட்' என்பதற்குள்ளும், சியோமி கைபேசிகளில் 'அடிஷனல் செட்டிங்ஸ்' என்பதற்குள்ளும் தேடுங்கள். தமிழைச் சேர்க்கும்போது இந்தியா, இலங்கை, மலேசியா, சிங்கப்பூர் என்று நாட்டுப் பெயர்கள் கேட்கப்படலாம், இந்தியாவைத் தேர்ந்தெடுங்கள். பிறகு விரும்பும் மொழியை விரலால் அழுத்திப் பிடித்து மேலே இழுத்து விடுங்கள்.

மூன்றாவது, கைபேசி முழுவதும் ஒரு மொழியிலும் விளையாட்டு மட்டும் வேறொரு மொழியிலும் இருக்க வேண்டுமென்றால் அதற்கும் வழியுண்டு. 2022-இல் வந்த ஆண்ட்ராய்டு பதின்மூன்றாம் பதிப்பு முதல், 'லாங்குவேஜஸ்' பகுதியிலேயே 'ஆப் லாங்குவேஜஸ்' என்ற வசதி இருக்கிறது. ஒவ்வொரு செயலிக்கும் தனித்தனியே மொழி கொடுக்கலாம். செயலியைச் செய்தவர் அதற்கு இடமளித்திருந்தால் மட்டுமே அதன் பெயர் அங்கே தோன்றும். ஐபோனில் இவ்வசதி 2019-இல் வந்த பதின்மூன்றாம் பதிப்பு முதல் உண்டு. 'செட்டிங்ஸ்' பகுதியில் அந்த விளையாட்டின் பெயரைத் திறந்து 'லாங்குவேஜ்' என்பதை மாற்ற வேண்டும்.

கைபேசி முழுவதுமே அறியாத எழுத்தில் இருந்தால் என்ன செய்வது? மற்றொரு கைபேசியைக் கையில் எடுங்கள். கூகுள் டிரான்ஸ்லேட் 2011 முதல் தமிழை அறியும். அதன் கேமராவைப் புரியாத திரைக்கு நேரே பிடித்தால் எழுத்துகளைப் பெயர்த்துக் காட்டும். அந்தப் பெயர்ப்பு எப்போதும் செம்மையாய் இராது. ஆனாலும் எந்தப் பொத்தான் எது என்று அறியப் போதுமானது.

ஓர் எச்சரிக்கை. மொழி மாறவில்லை என்ற கோபத்தில் விளையாட்டை நீக்கிவிடாதீர்கள். 'கிளியர் ஸ்டோரேஜ்' என்பதையும் அழுத்தாதீர்கள். பிள்ளை பல வாரங்களாய்க் கடந்துவந்த கட்டங்கள் யாவும் அழிந்துபோகலாம். விளையாட்டு ஒரு கணக்குடன் இணைக்கப்பட்டிருக்கிறதா என்று முதலில் பாருங்கள்.

மொழியை மாற்றிய பிறகும் இடையிடையே வரும் விளம்பரங்கள் தெலுங்கிலேயே வருகின்றனவா? கலங்க வேண்டாம். விளம்பரங்கள் விளையாட்டின் மொழியை மட்டும் பார்த்து வருவதில்லை. நீங்கள் இருக்கும் ஊரைப் பார்த்தும் வருகின்றன. உப்பலில் இருப்பவருக்குத் தெலுங்கு விளம்பரம் வருவது இயல்பே.

விளையாட்டில் தமிழே இல்லையென்றால்?

பல விளையாட்டுகளில் தமிழ் இல்லை. ஒரே பெயருடைய விளையாட்டிலும் பதிப்புக்குப் பதிப்பு மொழிகள் வேறுபடும். மைன்கிராஃப்ட் விளையாட்டின் கணினிக்கான ஜாவா பதிப்பில் தன்னார்வலர்கள் பெயர்த்த தமிழ் இருக்கிறது. கைபேசியில் ஓடும் பதிப்பின் மொழிப்பட்டியலில் தமிழ் இல்லை. நீங்கள் எத்தனை முறை அமைப்புகளை மாற்றினாலும் இல்லாத மொழி வராது. ஐபோன் வைத்திருப்பவர்கள் ஆப் ஸ்டோரில் விளையாட்டை இறக்குவதற்கு முன்பே, அதன் பக்கத்தின் கீழ்ப்பகுதியில் எந்தெந்த மொழிகள் உண்டு என்று பார்த்துக்கொள்ளலாம்.

தமிழ் குறைவாய் இருப்பதற்குத் தொழில்நுட்பக் காரணமும் ஒன்றுண்டு. 'கொ' என்ற எழுத்தைப் பாருங்கள். ஒற்றைக்கொம்பு முன்னே, 'க' நடுவே, கால் பின்னே நிற்கின்றன. கணினியோ முதலில் 'க' என்பதையும், பின்பு 'ஒ' என்பதற்குரிய குறியையும் சேமித்து வைக்கிறது. திரையில் வரையும்போது கொம்பை முன்னே நகர்த்த வேண்டும். விளையாட்டுகள் பலவும் எழுத்துகளைத் தாமே வரைகின்றன. இந்த நகர்த்தலை அவை அறியாவிட்டால் கொம்பு ஓரிடத்திலும் கால் வேறிடத்திலும் சிதறி நிற்கும். அப்படிச் சிதறிய தமிழைக் கண்டால் உங்கள் கைபேசி பழுதாகிவிட்டதென்று எண்ண வேண்டாம். அந்த விளையாட்டுக்கு மட்டும் ஆங்கிலத்தைத் தேர்ந்தெடுத்துக்கொள்ளுங்கள்.

கடைக்கு வெளியே இறக்கியவை

2020 செப்டம்பர் 2 அன்று இந்திய அரசு 118 செயலிகளைத் தடைசெய்தது. பப்ஜி மொபைல் அவற்றுள் ஒன்று. அதன்பின் வாலிபர்கள் சிலர் பிற நாட்டுப் பதிப்புகளைத் தேடி, பிளே ஸ்டோருக்கு வெளியிலிருந்து இறக்கிக்கொண்டார்கள். நண்பனிடமிருந்து கோப்பாக வாங்கி நிறுவும் பழக்கம் இன்றும் இருக்கிறது. இப்படி வரும் பதிப்புகள் சில வேளைகளில் ஒரே ஒரு அயல்மொழியில் மட்டும் இருக்கும். இவற்றுக்கு மொழிமாற்றம் தீர்வாகாது. கோப்பினுள்ளே வேறென்ன சேர்க்கப்பட்டிருக்கிறது என்பதை எவரும் உங்களுக்கு உறுதியாய்ச் சொல்ல முடியாது. அதை நீக்கிவிடுவதே ஞானமான செயல்.

எழுத்துக்குப் பின்னால் இருப்பது அனுமதி

"விளையாட்டுத்தானே, எந்த மொழியில் இருந்தால் என்ன?" என்று ஒருவர் கேட்கலாம். நிறங்களும் படங்களும் எந்த மொழியிலும் புரியும் என்பது மெய்யே. ஆனால் திரையில் தோன்றும் அந்தச் சிறு கட்டம் கேட்பது என்ன? கைபேசியிலுள்ள பெயர்களையும் எண்களையும் பார்க்கலாமா என்று கேட்கலாம். இருக்குமிடத்தை அறியலாமா என்று கேட்கலாம். நூறு ரூபாய்க்கு நாணயங்கள் வாங்கலாமா என்றும் கேட்கலாம். 'சரி' என்ற ஒரு சொல் இம்மூன்றுக்கும் விடையாகிவிடுகிறது.

இதைச் சட்டமும் உணர்ந்திருக்கிறது. 2023-ஆம் ஆண்டின் எண்மத் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், ஒருவருடைய ஒப்புதலைக் கேட்கும் அறிவிப்பை ஆங்கிலத்திலோ, அரசியலமைப்பின் எட்டாம் அட்டவணையிலுள்ள 22 மொழிகளில் ஒன்றிலோ வாசிக்கும் வாய்ப்பு அளிக்கப்பட வேண்டும் என்கிறது. தமிழ் அவற்றுள் ஒன்று. பதினெட்டு வயது நிரம்பாத பிள்ளையின் விவரங்களைக் கையாளப் பெற்றோரின் ஒப்புதல் வேண்டும் என்றும் அது சொல்கிறது. இதற்கான விதிகள் 2025 நவம்பரில் அறிவிக்கப்பட்டன. அவை கட்டம் கட்டமாக நடைமுறைக்கு வரும்படி அமைந்தவை. புரிந்துகொண்டு கொடுப்பதே ஒப்புதல் என்பதுதான் இதன் உட்கருத்து.

பணத்துக்கும் ஒரு காவல் வையுங்கள். பிளே ஸ்டோரின் அமைப்புகளில், ஒவ்வொரு முறை வாங்கும்போதும் கடவுச்சொல்லோ கைரேகையோ கேட்கும்படி செய்யலாம். அந்தக் கடவுச்சொல் பெற்றோரிடம் மட்டும் இருக்கட்டும். பணத்தைக் கட்டிப் பணம் வெல்லச் சொல்லும் விளையாட்டு எந்த மொழியில் வந்தாலும் அதை மூடிவிடுங்கள். அத்தகைய இணைய விளையாட்டுகளைத் தடைசெய்யும் சட்டத்தை 2025 ஆகஸ்டில் பாராளுமன்றம் நிறைவேற்றியது. ஏமாற்றப்பட்டுப் பணத்தை இழந்துவிட்டால் தாமதியாமல் 1930 என்ற எண்ணுக்கு அழையுங்கள்.

இம்மாதமே செய்யுங்கள்

புலம்பெயர்ந்த வீடுகளில் பெற்றோருக்கும் பிள்ளைக்கும் நடுவே மொழி ஒரு சுவராய் எழும்பக்கூடும். 2023-இல் கனடாவின் டொரண்டோ நகரிலுள்ள விசை கேம்ஸ் நிறுவனம் 'வெண்பா' என்ற விளையாட்டை வெளியிட்டது. தமிழ்நாட்டிலிருந்து கனடாவுக்குச் சென்ற ஒரு தாயும், தமிழை விட்டு விலகிச் செல்லும் அவருடைய மகனுமே அதன் கதை. இட்லி முதலான உணவுகளைச் சமைப்பதே அதில் விளையாட்டு. 2024-இல் அது பிரிட்டனின் பாஃப்டா விருதைப் பெற்றது. கனடாவில் வாழும் தாய்க்கு நேர்ந்தது உப்பலில் வாழும் தாய்க்கும் நேரலாம் அல்லவா?

ஆகையால், இந்த வாரம் ஒரு மாலைப்பொழுதில் பிள்ளையை அருகே அமர்த்திக்கொள்ளுங்கள். கைபேசியின் மொழிப்பட்டியலை இருவருமாய்த் திறந்து, தமிழை முதலிடத்தில் வையுங்கள். தமிழில் தோன்றும் சொற்களைப் பிள்ளை எழுத்துக்கூட்டி வாசிக்கட்டும், நீங்கள் திருத்துங்கள். பிறகு தெலுங்கில் வந்த ஒரு விளம்பரத்தை அவனே உங்களுக்கு வாசித்துக் காட்டட்டும். நீங்கள் இரண்டு சொற்களையாவது கற்றுக்கொள்ளுங்கள். உங்களுக்கு இது கைவராவிட்டால், சபையில் இதை அறிந்த வாலிபர் ஒருவரை உதவி கேளுங்கள். பத்து நிமிட வேலைதான்.

அடுத்த முறை திரையில் அந்தக் கட்டம் தோன்றும்போது, "என்னப்பா கேட்கிறது?" என்று நீங்கள் வினவ வேண்டியதில்லை. நீங்களே வாசித்து, வேண்டாம் என்றால் வேண்டாம் என்று சொல்வீர்கள்.