தாவாவும் உடன்கட்டை ஏறவேண்டுமா?

மனிதன் இறந்தால் அவனுடைய கடன்கள் இறப்பதில்லை. கருமாதி முடிந்த மறுநாளே கடன் கொடுத்தவர் பத்திரத்துடன் வாசலில் வந்து நிற்பதை நாம் எல்லோரும் பார்த்திருக்கிறோம். அவன் விட்டுச்சென்ற சொத்திலிருந்து அதைத் தீர்க்கவேண்டும் என்பதைச் சட்டமும் தர்மமும் ஒருங்கே ஒப்புகின்றன. ஆனால், பிறர் செய்த தீங்குக்காக அதே மனிதனுக்கு வரவேண்டிய நஷ்டஈடு மட்டும் அவனுடைய சிதையிலேயே சாம்பலாகிவிடவேண்டும் என்று நமது தேசத்துச் சட்டம் நெடுங்காலம் சொல்லி வந்தது. மோட்டார் விபத்து விஷயத்தில் இந்த அநியாயம் 2022-ம் வருஷம் ஏப்ரல் 1-ந் தேதி ஒழிந்தது. மற்ற விஷயங்களில் அது இன்னும் ஒழிந்தபாடில்லை.

ஒருவனுடைய உடம்புக்கு நேர்ந்த தீங்கைப் பற்றிய தாவா அந்த உடம்போடேயே மடியும் என்பது, இங்கிலீஷ் நியாயவாதிகள் லத்தீன் பாஷையில் வெகுகாலம் போற்றி வந்த ஒரு வாசகம். அது கப்பலேறி நம் நாட்டுக்கும் வந்தது. 1925-ம் வருஷத்து இந்திய வாரிசுரிமைச் சட்டத்தின் 306-வது பிரிவில் அதற்கு ஆசனம் அளிக்கப்பட்டது. இறந்தவருடைய வழக்குரிமைகள் அவருடைய பிரதிநிதிகளைச் சேரும். ஆனால் அவதூறு, அடிதடி, மரணம் விளைவிக்காத தேக காயம் ஆகியவை பற்றிய உரிமைகள் சேரா என்பதே அப்பிரிவின் சாரம்.

இதன் பலனைக் கவனிப்போம். லாரி மோதிக் காலை இழந்த ஒரு நெசவாளி நஷ்டஈடு கோரி டிரைப்யூனலில் மனுப் போடுகிறார். வைத்தியச் செலவுக்காக வீடு அடமானத்துக்குப் போகிறது. மனைவியின் நகைகளும் போகின்றன. வாய்தாவின்மேல் வாய்தாவாக நாலு வருஷம் கழிகிறது. அதற்குள் அவர் மாரடைப்பால் மாண்டுபோகிறார். "காயத்தினால் இறந்திருந்தால் குடும்பத்துக்குக் கொடுப்போம், வேறு நோயினால் இறந்தபடியால் தாவா ஒழிந்தது" என்று இன்ஷ்யூரன்ஸ் கம்பெனியின் வக்கீல் எழுந்து நின்று சொல்லலாம். வழக்கு தாமதிக்கத் தாமதிக்கப் பிரதிவாதிக்கு லாபம்! எமனையே தம் கக்ஷிக்கு வக்கீலாக அமர்த்திக்கொள்ள இடமளித்த சட்டத்தை நியாயமென்று எவர் சொல்லமுடியும்?

இன்னொரு விந்தையும் உண்டு. இன்ஷ்யூர் செய்த வண்டிச் சொந்தக்காரர் இறந்துபோனாலும், அவர்மீதும் கம்பெனிமீதும் உள்ள வழக்குரிமை சாகாது என்று 1988-ம் வருஷத்து மோட்டார் வாகனச் சட்டத்தின் 155-வது பிரிவு தெளிவாகக் கூறிற்று. தீங்கு செய்த பக்கத்தில் மரணம் நேரலாம் என்று முன்யோசனையுடன் வகை செய்தவர்களுக்கு, தீங்குக்குள்ளானவனும் சாகக்கூடியவன் என்பது அப்பொழுது தோன்றவில்லை போலும்!

கோர்ட்டுகள் தங்களால் ஆனமட்டும் இக்கொடுமையைத் தணித்தே வந்தன. 1999-ம் வருஷத்தில் விபத்துக்குள்ளாகி, வழக்கு முடியுமுன் 2015-ம் வருஷத்தில் இறந்துபோன ஒருவருடைய வழக்கில், சுப்ரீம் கோர்ட் 2021-ம் வருஷம் ஆகஸ்டு மாதம் தீர்ப்பளித்தது. சம்பாத்திய நஷ்டமும் வைத்தியச் செலவும் இறந்தவருடைய சொத்தைச் சேர்ந்தவையாதலால் அவை வாரிசுகளைச் சேரும். அவர் பட்ட வேதனைக்கான தொகையோ அவரோடு போயிற்று என்பதே அதன் கருத்து. உள்ள சட்டத்துக்குள் நின்று கோர்ட்டார் வேறு என்ன செய்யமுடியும்?

இந்த வாசகத்தை நமக்கு அருளிய இங்கிலாந்தோ, அவதூறு முதலிய சிலவற்றை மட்டும் விலக்கி, அதை 1934-ம் வருஷத்திலேயே சட்டமியற்றித் தள்ளிவிட்டது. நாம் மோட்டார் விபத்தளவில் அதைத் தள்ளியது அதற்கு 88 வருஷங்களுக்குப் பிறகு. அவற்றில் முதல் 13 வருஷங்களுக்கு அந்நிய ஆட்சியைக் குறை கூறலாம். மீதி ஏறக்குறைய 75 வருஷங்களுக்கு யாரைக் குறை கூறுவது? எஜமானன் எறிந்துவிட்ட கந்தலை, அவன் வீட்டைவிட்டுப் போன பிறகும் நாம் மடித்துப் பெட்டியில் வைத்துக் காப்பாற்றி வந்தோம்!

2019-ம் வருஷத்துத் திருத்தச் சட்டம் 166-வது பிரிவில் 5-வது உட்பிரிவைச் சேர்த்தது. காயமடைந்தவர் இறந்தால், மரணத்துக்கும் காயத்துக்கும் சம்பந்தம் இருந்தாலும் இல்லாவிட்டாலும், நஷ்டஈடு கோரும் உரிமை அவருடைய சட்டப் பிரதிநிதிகளைச் சேரும் என்கிறது அது. பார்லிமெண்டு நிறைவேற்றிய இந்த ஏற்பாடு அமலுக்கு வர இன்னும் இரண்டரை வருஷத்துக்கு மேல் பிடித்தது. அதற்கு முற்பட்ட விபத்துகளைப் பற்றி இந்த உட்பிரிவு வெளிப்படையாக ஒன்றும் சொல்லவில்லை. அநியாயத்தை நீக்கப் பிறந்த சட்டத்தைத் தாராளமாகவே வியாக்கியானம் செய்யவேண்டும் என்பது நமது அபிப்பிராயம்.

உரிமை ஏட்டில் இருந்தால் மட்டும் போதாது. "அவரே போய்விட்டார், இனிக் கேஸ் எதற்கு?" என்று ஓய்ந்துவிடும் குடும்பங்கள் ஏராளம். ஊர்தோறும் ஊழியம் செய்யும் நமது தொண்டர்கள் அவர்களுக்கு இதை எடுத்துச் சொல்லவேண்டும். வாரிசுச் சான்றையும் ஆஸ்பத்திரி ரசீதுகளையும் பத்திரப்படுத்தி, தங்களைக் கக்ஷிதாரர்களாகச் சேர்க்கும்படி உடனே மனுச் செய்யவேண்டும். சிவில் வழக்குகளில் இதற்குள்ள கெடு, மரணத்திலிருந்து 90 நாட்களே. அதை மனத்தில் வைத்து நடப்பது விவேகம்.

வேலை இன்னும் முடியவில்லை. அறுந்து விழுந்த மின்சாரக் கம்பியால் கை இழந்தவனும், இடிந்து விழுந்த சுவரால் முடமானவனும் சிவில் கோர்ட்டில் வழக்காடும்போது வேறு நோயால் இறந்தால், 306-வது பிரிவு இன்றும் அவர்களுடைய குடும்பத்தாரின் வழியை மறிக்கிறது. மோட்டார் வண்டி மோதினால் ஒரு நியாயம், சுவர் மோதினால் வேறு நியாயமா? தேக காயத்தைப் பற்றிய அந்த விலக்கை அடியோடு நீக்க ஒரு சிறிய மசோதா போதும். நமது பார்லிமெண்டு பிரதிநிதிகள் அதைக் கொண்டுவர முன்வருவார்களாக. அவர்களை அதற்குத் தூண்டுவது ஜனங்களாகிய நமது கடமை.